ஜோடிக்கப்பட்ட காலடித் தடம்

தென்கொரியாவின் ஹ்வாசோங்கில் நிஜமாக நடந்த தொடர் கொலைகளை வைத்து போங் ஜூன்-ஹோ இயக்கிய "மெமரீஸ் ஆஃப் மர்டர்" படத்தைப் பற்றி நெருங்கிய நண்பர் ஒருவர் சொன்ன கருத்து வெகுநாளாக என்னை அரித்துக்கொண்டிருக்கிறது. கொலைகாரன் யார் என்று ஊருக்கே தெரிந்துவிட்ட பிறகு அந்தப் படத்தில் மிச்சம் என்ன இருக்கிறது என்று கேட்டார். விடை கிடைக்காத ஏக்கம்தான் அதன் உயிர் என்பது அவர் கட்சி. 2019 செப்டம்பரில் மரபணுச் சோதனை லீ சுன்-ஜே என்ற ஆயுள் கைதியைக் காட்டிக்கொடுத்ததும் அந்த ஏக்கம் தீர்ந்துவிட்டது. இனி அது நேர்த்தியாக எடுக்கப்பட்ட ஒரு பழைய படம், அவ்வளவுதான் என்றார். தென்கொரியக் குற்றப் படங்களை அவரைப் போலத் தேடித் தேடிப் பார்த்தவர்கள் என் வட்டத்தில் வேறு யாரும் இல்லை. ஆகவே அந்தக் கருத்தைக் காதில் வாங்காமல் தள்ளிவிட முடியவில்லை. 2003இல் வந்த அந்தப் படத்தை மறுபடியும் போட்டுப் பார்த்தேன். பிறகு அந்த வரிசையில் வந்த மற்றப் படங்களையும் பார்த்தேன். பார்க்கப் பார்க்க, அவர் சொன்னதற்கு நேர் எதிரான இடத்துக்கு வந்து சேர்ந்திருக்கிறேன். கொலைகாரன் பிடிபடும்வரை அந்தப் படத்தின் பாதிதான் நமக்குத் தெரிந்தது. இன்னொரு பாதி 2019க்குப் பிறகுதான் கண்ணுக்குப் புலப்படுகிறது.

படம் பார்த்தவர்கள் எல்லோரும் கடைசிக் காட்சியைப் பற்றித்தான் பேசுகிறோம். வயலோரக் கால்வாயைக் குனிந்து பார்த்துவிட்டு நிமிரும், காவலராக நடித்த சோங் காங்-ஹோ, திரையிலிருந்து நேராக நம்மைப் பார்க்கிறார். கொலைகாரன் என்றாவது ஒரு நாள் இந்தப் படத்தைப் பார்ப்பான், அப்போது அவன் கண்ணைச் சந்திக்க வேண்டும் என்பதற்காகவே போங் ஜூன்-ஹோ அந்தப் பார்வையை வைத்தார் என்பதும் தெரிந்த கதை. என் கவனம் இப்போது அங்கே நிற்பதில்லை. முதல் முக்கால் மணி நேரத்தில், கீழ்த்தள விசாரணை அறையில் நிற்கிறது. அரங்கம் வாய்விட்டுச் சிரிக்கும் பகுதி அது.

காலணிக்கு ஓர் உறை

கிம் ரோய்-ஹா நடித்த ஜோ என்ற காவலர் சந்தேக நபரை உதைப்பதற்கு முன்னால் ஒரு காரியம் செய்வார். தன் கனத்த பூட்ஸுக்கு மேல் துணியாலான ஓர் உறையை மாட்டிக்கொள்வார். உடம்பில் தடயம் பதியக் கூடாது. அதில் கோபமோ பதற்றமோ கிடையாது; அலுவலகத்துக்கு வந்ததும் கைப்பையை மேசையில் வைப்பவரின் நிதானம்தான் இருக்கும். உறையை மாட்டி, எழுந்து, ஓடிவந்து பறந்து உதைப்பார். அந்த உதை வேடிக்கையாகத்தான் எடுக்கப்பட்டிருக்கிறது. நான் பார்த்த ஒரு திரைப்படச் சங்கத் திரையிடலில் அந்த இடத்தில் அரங்கமே குலுங்கியது.

உதை வாங்குபவன் குவாங்-ஹோ. முகத்தில் தீக்காயத் தழும்பு, வயதுக்கேற்ற அறிவு வளர்ச்சி இல்லை, அப்பா உணவகம் நடத்துகிறார். அவன் மாட்டிக்கொள்ளக் காரணம் ஒரு காலடித் தடம். முதல் தடத்தை வயலில் ஒரு டிராக்டர் ஏறி நசுக்கிவிட்டது. இல்லாத தடத்துக்குப் பதிலாக, சோங் காங்-ஹோவின் பார்க் டூ-மான் குவாங்-ஹோவின் காலணியைக் கொண்டே சேற்றில் ஒரு தடத்தைப் பதிக்கிறார். வழக்கை ஜோடிக்கிறார். பிறகு அவரே அந்தப் பையனுக்கு ஒரு புதிய ஜோடிக் காலணியை அன்பளிப்பாகத் தருகிறார். நைக்கி போலத் தெரியும் அதன்மேல் "நைஸ்" என்று எழுதியிருக்கிறது. அடித்தவர்களும் அடிபட்டவனும் ஒரே அறையில் உட்கார்ந்து கருப்பு பீன்ஸ் நூடுல்ஸ் சாப்பிட்டுக்கொண்டு, தொலைக்காட்சியில் காவல் துறைத் தொடர் ஒன்றை ரசித்துப் பார்க்கிறார்கள். தொடரின் தொடக்க இசைக்கு மூவரும் ராகம் இழுக்கிறார்கள். இந்தக் காட்சியை எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு நெஞ்சு அடைக்கிறது. அந்தப் பையன் மனத்தில் பகையே இல்லை. நூடுல்ஸ் வாங்கிக் கொடுத்தவர்கள் நல்லவர்கள் என்றே அவன் நம்புகிறான்.

இது 1986. சுன் டூ-ஹ்வானின் ராணுவ ஆட்சிக் காலம். ஊரில் அபாயச் சங்கு ஊதுகிறது, விளக்குகளை அணைக்கும் ஒத்திகை நடக்கிறது, பள்ளிப் பிள்ளைகள் வரிசையில் ஓடுகிறார்கள். கொலை நடக்கப்போகிறது என்று தெரிந்து படை கேட்டால், எல்லோரும் போராட்டத்தை அடக்கப் போயிருக்கிறார்கள் என்று பதில் வருகிறது. ஹ்வாசோங் வயல்களில் பெண்கள் செத்துக்கொண்டிருந்த அதே மாதங்களில்தான், 1987 ஜனவரியில், சியோல் நகரின் நாம்யோங்-டோங் விசாரணைக் கட்டடத்தில் பார்க் ஜோங்-சொல் என்ற மாணவர் தண்ணீரில் முக்கிச் சித்திரவதை செய்யப்பட்டு இறந்தார். அதிகாரி மேசையைத் தட்டினார், மாணவர் அதிர்ந்து இறந்துவிட்டார் என்று காவல் துறை முதலில் விளக்கம் சொன்னது. அந்த ஆண்டு ஜூன் மாத மக்கள் எழுச்சிக்கு வழிவகுத்த நிகழ்வுகளில் அது முக்கியமானது. ஜோவின் உறை போட்ட காலணியை இந்தப் பின்னணியில் வைத்துப் பார்த்தால், அவர் ஒரு தனிமனித முரடர் இல்லை என்பது விளங்கும். தலைநகரில் மாணவர்களுக்கு நடந்தது சிற்றூரில் உணவகக்காரர் மகனுக்கு நடக்கிறது.

அந்தக் காலுக்குப் படம் ஒரு முடிவும் எழுதி வைத்திருக்கிறது. உணவகத்தில் நடக்கும் கைகலப்பில் குவாங்-ஹோ ஆணி அடித்த பலகையால் ஜோவின் காலில் ஓங்கிப் போடுகிறான். ஆணி இறங்கிய புண் சீழ் பிடித்து, ரண ஜன்னி கண்டு, அந்தக் காலையே வெட்டி எடுக்க வேண்டியதாகிறது. எடுப்பதற்குச் சம்மதக் கையெழுத்துப் போடுபவர் பார்க் டூ-மான். இதைக் கவித்துவ நீதி என்று எழுதியவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. கால் போவதால் குவாங்-ஹோவுக்கு எதுவும் திரும்பக் கிடைப்பதில்லை. அவன் கொலைகாரன் இல்லை, கொலையை நேரில் பார்த்த சாட்சி என்பது காவலர்களுக்கு விளங்கும் நேரத்தில், அவர்களைக் கண்டு மிரண்டு ஓடி ரயிலில் அடிபட்டுச் சாகிறான். அடித்து வாங்கிய வாக்குமூலத்துக்கு உள்ளேயே உண்மை இருந்தது. அதைக் காது கொடுத்துக் கேட்க ஆள் இல்லை.

அடிப்பதற்கு ஓர் அனுமதி

2000களின் கொரியக் குற்றப் படங்களில் துப்பாக்கி அபூர்வம். அந்த நாட்டில் பொதுமக்கள் கையில் துப்பாக்கி கிடைப்பதில்லை என்பது வெளிப்படையான காரணம். கதைகளின் ஆயுதம் சுத்தியல், சமையல் கத்தி, பேஸ்பால் மட்டை, கை, கால். "ஓல்ட்பாய்" படத்தின் நடைபாதைச் சண்டை வெட்டே இல்லாத ஒரே ஷாட்டாக ஓடுவதும், நாயகன் சோய் மின்-சிக் நடுவில் மூச்சு வாங்கி நிற்பதும் இதனால்தான் சாத்தியமாயின. அடிப்பவனும் அடிபடுபவனும் ஒருவர் மூச்சு இன்னொருவர் மேல் படும் தூரத்தில் இருக்கிறார்கள். சண்டைக் காட்சியில் அழகைவிடக் களைப்பு அதிகம். ஹாலிவுட் படங்களில் பழகிய கண்ணுக்கு இது புதிதாக இருந்தது. எங்களைப் போன்றவர்களைக் கட்டிப்போட்டதும் இதுதான்.

ஆனால் அருகில் நின்று அடிக்கும் அடிக்கு ஓர் அறச் சிக்கல் உண்டு. பார்வையாளன் அதை ரசிக்க வேண்டுமானால், அடி வாங்குபவன் அதற்குத் தகுதியானவன் என்று முன்கூட்டியே அவனிடம் சொல்லியாக வேண்டும். 2008இல் வந்த நா ஹாங்-ஜின்னின் "தி சேசர்" இதை மிகத் திறமையாகச் செய்கிறது. 2004இல் சியோலில் பிடிபட்ட யூ யோங்-சொல் என்ற தொடர் கொலைகாரனின் வழக்கு அதற்கு விதை. முன்னாள் காவலரும் இப்போது பெண்களை வைத்துத் தொழில் நடத்துபவருமாக வரும் கிம் யூன்-சியோக், மாங்வொன்-டோங்கின் மேட்டுச் சந்துகளில் கொலைகாரனாக நடித்த ஹா ஜங்-வூவைத் துரத்திப் பிடித்துப் புரட்டி எடுக்கிறார். இரண்டு பேரும் ஓட முடியாமல் ஓடுகிறார்கள். கொலைகாரன் யார் என்று படம் தொடங்கிச் சிறிது நேரத்திலேயே நமக்குத் தெரியும். காவல் நிலையத்தில் அவனே சாவகாசமாக ஒப்புக்கொள்கிறான். சட்டப்படி பிடித்து வைக்க 12 மணி நேரம்தான் இருக்கிறது. ஆதாரம் கிடைக்கவில்லை, விட்டுவிடுகிறார்கள். சிறிது நேரத்தில் ஒரு மூலைக் கடையில் அவன் சுத்தியல் கேட்டு வாங்கும் காட்சி, நான் பார்த்த எந்தத் திகில் காட்சியையும்விடக் கொடூரமானது.

"தி சேசர்" பிரமாதமான படம் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் அது பார்வையாளனை எங்கே கொண்டு போய் நிறுத்துகிறது என்று யோசித்துப் பார்த்தேன். அவனை விடுவித்த சட்டத்தின்மேல்தான் கோபம் வருகிறது. இன்னும் நாலு போட்டிருந்தால் அவன் அடைத்து வைத்திருக்கும் பெண்ணின் இடம் தெரிந்திருக்குமே என்று மனம் துடிக்கிறது. அந்தத் துடிப்பு நியாயமாகவே படுகிறது, ஏனென்றால் குற்றவாளி அவன்தான் என்று படம் நமக்கு உறுதி கொடுத்துவிட்டது. விசாரணை அறையில் உட்கார்ந்திருக்கும் எந்தக் காவலருக்கும் அந்த உறுதி கிடைப்பதில்லை. திரைக்கதை ஆசிரியரால் மட்டுமே தரக்கூடிய உறுதி அது.

சுரங்கப் பாதையில்

போங் ஜூன்-ஹோ அந்த உறுதியைத் தர மறுக்கிறார். தர மறுத்துக்கொண்டே, அது நமக்கு வேண்டும் என்று ஏங்கவும் வைக்கிறார். படத்தின் முடிச்சு இருப்பது ரயில் சுரங்கத்தின் வாசலில்.

சியோலிலிருந்து வந்த சியோ டே-யூன், "ஆவணங்கள் பொய் சொல்லாது" என்று நம்பும் காவலர். அடிப்பதை அவர் வெறுத்தார், கோப்புகளைப் புரட்டினார், மழை, சிவப்பு ஆடை, வானொலியில் நேயர் விருப்பமாகக் கேட்கப்படும் ஒரே பாடல் என்று ஒன்றோடொன்றைக் கோத்தார். அந்தக் கோவையின் முடிவில் நிற்பவன் பார்க் ஹே-இல் நடித்த ஹியோன்-கியூ. மென்மையான கைகள், தெளிந்த முகம், ஆலையில் எழுத்தர் வேலை. எல்லாமே அவனுக்குப் பொருந்துகின்றன. தனக்குத் தெரிந்த பள்ளிச் சிறுமி ஒருத்தி கொல்லப்பட்டு மழையில் கிடப்பதைப் பார்த்த பிறகு, சியோ அவனை இழுத்து வந்து தண்டவாளத்தில் போட்டு அடிக்கிறார். மழை கொட்டுகிறது. துப்பாக்கியே இல்லாத அந்தப் படத்தில் இப்போது துப்பாக்கி வெளியே வருகிறது. அமெரிக்காவுக்கு அனுப்பிய மரபணுச் சோதனையின் முடிவைக் கையில் ஏந்திக்கொண்டு பார்க் டூ-மான் ஓடி வருகிறார். பொருந்தவில்லை என்று இருக்கிறது அதில். இந்தத் தாள் பொய் என்கிறார் சியோ. தாள் தண்டவாளத்தில் விழுகிறது, ரயில் அதன்மேல் ஏறிப் போகிறது. ஆவணத்தை நம்பியவர் சுடத் துடிக்கிறார். ஜோடித்த தடத்தால் ஆள் பிடித்தவர் அவர் கையைத் தட்டிவிடுகிறார். பிறகு ஹியோன்-கியூவின் முகத்தை நிமிர்த்தி, ஆளைப் பார்த்தாலே குற்றவாளியைக் கண்டுபிடித்துவிடுவேன் என்று படம் முழுக்கப் பெருமை அடித்த கண்களால் உற்றுப் பார்க்கிறார். தெரியவில்லை என்கிறார். வேளாவேளைக்குச் சாப்பிடுகிறாயா என்று கேட்டு அனுப்பிவிடுகிறார்.

2019 வரை இந்தக் காட்சியில் இரண்டு சாத்தியங்கள் இருந்தன. ஹியோன்-கியூ கொலைகாரனாக இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம். தாள் பொய்யாகவும் இருக்கலாம் என்ற ஓர் ஓட்டையை நாம் திறந்தே வைத்திருந்தோம். அந்த ஓட்டை வழியாகத்தான் சுட்டுவிடு என்ற ஆசை நமக்குள் வந்தது. இப்போது அந்த ஓட்டை அடைபட்டுவிட்டது. ஹியோன்-கியூ கற்பனைப் பாத்திரம்தான், ஆனால் அவன் இடத்தில் நிஜத்தில் நின்றவர்கள் எல்லோரும் நிரபராதிகள் என்று இப்போது நிச்சயமாகத் தெரியும். அந்த வழக்கில் விசாரிக்கப்பட்டவர்கள் சுமார் 21,000 பேர். விசாரணைக்கு இழுக்கப்பட்டு மனமுடைந்து தற்கொலை செய்துகொண்டவர்களும் அவர்களில் உண்டு. படத்தில் விழும் ஒவ்வோர் உதையும் தவறான ஆள்மீது விழுந்தது. முன்பு சந்தேகமாக இருந்தது, இன்று உறுதி. நண்பர் சொன்ன "உயிர் போய்விட்டது" என்ற வாதம் எனக்கு இந்த இடத்தில்தான் உடைந்தது. புதிர் தீர்ந்ததும் படம் கொலைகாரனின் கதையாக இருப்பது நின்றுபோய், அடிபட்டவர்களின் கதையாகிவிட்டது.

எட்டாவது வழக்கு

படத்தில் இடம்பெறாத ஒரு கொலை இருக்கிறது. 1986க்கும் 1991க்கும் இடையே நடந்த 10 கொலைகளில் எட்டாவது, 1988 செப்டம்பரில், ஒரு சிறுமி தன் வீட்டிலேயே கொல்லப்பட்டது. அது மற்றக் கொலைகளைப் பார்த்து வேறொருவன் செய்த கொலை என்று தீர்ப்பாகி, கோப்பு மூடப்பட்டிருந்தது. குற்றவாளி என்று சிறைக்கு அனுப்பப்பட்டவர், விவசாயக் கருவிகளைப் பழுதுபார்க்கும் ஓர் இளைஞர். வயது 22. இளம்பிள்ளை வாதத்தால் ஒரு கால் ஊனமானவர். தூங்க விடாமல், அடித்து, ஒப்புதல் வாக்குமூலம் எழுதி வாங்கினார்கள். சம்பவ இடத்தில் கிடைத்த முடியை ஐசோடோப் பகுப்பாய்வு செய்து அவருடையதுதான் என்று அறிவியல் சான்றும் வைத்தார்கள். 20 ஆண்டுகள் சிறையில் இருந்தார். 2019இல் லீ சுன்-ஜே 14 கொலைகளை ஒப்புக்கொண்டபோது, அதில் இந்தச் சிறுமியின் கொலையும் இருந்தது. 2020 டிசம்பரில் சூவொன் நீதிமன்றம் அவரை நிரபராதி என்று அறிவித்து மன்னிப்புக் கேட்டது. அந்த அறிவியல் சான்று திரிக்கப்பட்டது என்பதும் வெளியே வந்தது.

ஆகவே சியோவின் ஆவணங்களும் பொய் சொல்லியிருக்கின்றன. முரட்டுக் காவலர் ஒரு பக்கம், அறிவியல் இன்னொரு பக்கம் என்று படத்தைப் பிரித்துப் பேசுவது இனி சரிப்படாது. கொலைகாரனின் ரத்தம் 'பி' வகை என்று காவல் துறை நம்பியது. லீ சுன்-ஜேயின் ரத்தம் 'ஓ' வகை. அந்த ஒரு தவறான குறிப்பு அவனுக்குக் கேடயமாக நின்றது. ஊனமுற்ற காலுடைய ஒருவரைச் சுவரேறிக் குதித்த கொலைகாரனாக்கியதும் காகிதங்கள்தான். சேற்றில் காலணியை அழுத்தித் தடம் பதிப்பதைப் படம் வேடிக்கையாகக் காட்டியது. நிஜத்தில் அதே வேலையை ஆய்வக அறிக்கை செய்தது.

இதையெல்லாம் தெரிந்துகொண்ட பிறகு கடைசிப் பார்வைக்கு வருகிறேன். 2003 வசந்தத்தில் படம் திரைக்கு வந்தபோது லீ சுன்-ஜே எங்கே இருந்தான்? மனைவியின் தங்கையைக் கொன்றதற்காக 1994 முதலே சிறையில் இருந்தான். எட்டாவது வழக்கின் இளைஞர் எங்கே இருந்தார்? அவரும் சிறையில்தான் இருந்தார். சோங் காங்-ஹோவின் கண்கள் அரங்கத்தில் தேடிய கொலைகாரன் அங்கே இல்லை. அந்தக் கொலைக்குத் தண்டனை அனுபவித்துக்கொண்டிருந்தவரும் அங்கே இல்லை. அவரைப் பிடித்ததற்காகப் பதவி உயர்வு பெற்ற காவலர்கள் வெளியே இருந்தார்கள். டிக்கெட் வாங்கிப் படத்துக்கு வந்திருக்கவும் கூடும். அந்த வழக்கு முடிந்தது என்று நம்பிய ஒரு நாடே அரங்கத்தில் இருந்தது. 50 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் அந்தப் படத்தைப் பார்த்தார்கள். அந்தப் பார்வை போய் விழுந்தது அவர்கள்மேல்தான். லீ சுன்-ஜே படத்தைச் சிறையில் பார்த்தானாம். எந்த உணர்வும் தோன்றவில்லை என்று 2020இல் நீதிமன்றத்தில் சாட்சி சொன்னான். அதைப் படித்தபோது பலர் ஏமாற்றம் அடைந்தார்கள். எனக்கு ஏமாற்றம் இல்லை. அவனிடமிருந்து எதையும் எதிர்பார்க்க வேண்டிய தேவையே இந்தப் படத்துக்கு இல்லை.

2010க்குப் பிறகு

இந்தக் கொரியக் குற்றப் பட அலை 2010இல் வேறு திசைக்குத் திரும்பிவிட்டது என்பது என் எண்ணம். அந்த ஆகஸ்டில் இரண்டு படங்கள் அடுத்தடுத்து வந்தன. "ஐ சா தி டெவில்" படத்தைத் தணிக்கை வாரியம் இரண்டு தடவை திருப்பி அனுப்பி வெட்ட வைத்தது. "தி மேன் ஃப்ரம் நோவேர்" அந்த ஆண்டின் பெரும் வெற்றி. ஒன்றில் பழிவாங்குபவன் தானே மிருகமாகிறான், இன்னொன்றில் குழந்தையை மீட்கும் காவல் தெய்வமாகிறான். இரண்டிலும் எதிராளி சந்தேகமில்லாத அரக்கன். சண்டை அமைப்பு முன்பைவிடக் கூர்மை, ஒளிப்பதிவு அபாரம். ஆனால் அடி வாங்குபவன் யார் என்ற கேள்வியே எழாத படங்கள் அவை. இன்று அந்த வகைப் படங்கள் குவிகின்றன. எனக்கு அவற்றில் மனம் ஒட்டுவதில்லை.

"மெமரீஸ் ஆஃப் மர்டர்" படத்துக்குப் பக்கத்தில் நான் வைக்க விரும்பும் ஒரே படம் 2009இல் போங் எடுத்த "மதர்". மகனை விடுவிப்பதற்காக ஊரெல்லாம் அலையும் தாயாக கிம் ஹே-ஜா நடித்தார். துரத்தல் இருக்கிறது, கொலை இருக்கிறது, விறுவிறுப்பு குறையவே இல்லை. இறுதியில் மகன் வெளியே வருகிறான். அவன் இடத்துக்கு மனவளர்ச்சி குன்றிய இன்னொரு பையன் உள்ளே போகிறான், சட்டையில் இருந்த ரத்தக் கறையை ஆதாரமாகக் காட்டி. அவன் நிரபராதி என்று அந்தத் தாய்க்கு மட்டும் நிச்சயமாகத் தெரியும். சிறையில் போய் அவனைப் பார்த்து, உனக்கு அம்மா இல்லையா என்று கேட்டு அழுகிறார். உண்மையைச் சொல்லாமல் திரும்பிவிடுகிறார். ஆறு ஆண்டுகள் கழித்தும் போங் ஜூன்-ஹோவின் மனம் குவாங்-ஹோவிடமிருந்து நகரவில்லை என்பதற்கு இதைவிட வேறு சான்று எனக்கு வேண்டாம். அந்தப் படம் கொரியாவில் வெளியானது 2009 மே மாதம். எட்டாவது வழக்கின் மனிதர் அதே ஆண்டு ஆகஸ்டில் பரோலில் வெளியே வந்தார். அப்போதும் சட்டத்தின் பார்வையில் அவர் கொலைகாரர்தான்.